புத்தகம் ஊர் வந்து சேரும் வழி

(கெங்கவல்லியில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



ஓய்வுபெற்ற ஓர் ஆசிரியரின் நினைவாக அவருடைய குடும்பத்தார் ஏற்படுத்திய அறக்கட்டளை இது. 'தமிழில் பதிப்பும் வாசிப்பும்' என்று தலைப்புக் கொடுத்து அழைத்தார்கள். மெய்ப்புத் திருத்துபவனாகப் பதிப்புத் துறைக்குள் நுழைந்து, அதிலேயே காலத்தை ஓட்டிவிட்டவன் நான். ஆகவே இலக்கிய நயத்தைக் காட்டிலும் வரவு செலவுதான் என் பேச்சில் அதிகம் வரும். பொறுத்தருள வேண்டும்.

சொல்ல வந்ததை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். 'இப்பல்லாம் யாருங்க படிக்கிறா?' என்று நம் ஊரில் அலுத்துக்கொள்கிறோம். என் அனுபவத்தில் இது பாதி உண்மைகூடத் தேறாது. அச்சாகும் புத்தகத்துக்கும் படிக்க ஆசைப்படுகிறவருக்கும் நடுவே ஒரு பாதை வேண்டும். அந்தப் பாதைதான் இடிந்து கிடக்கிறது. அதைச் சீர்செய்வதற்கான பணத்தை இங்கே வீடு வைத்திருக்கும் ஒவ்வொருவரும் ஆண்டுதோறும் கட்டிக்கொண்டும் இருக்கிறோம். அந்தப் பணத்தைப் பற்றிப் பேசத்தான் இங்கே வந்திருக்கிறேன்.

கொரியா காட்டும் கணக்கு

முதலில் கொஞ்சம் வெளியூர்க் கதை. 2024 அக்டோபரில் தென்கொரிய எழுத்தாளர் ஹான் காங்குக்கு இலக்கிய நோபல் பரிசு அறிவிக்கப்பட்டது. அறிவிப்பு வந்த ஒரு வாரத்துக்குள் அந்த நாட்டில் அவருடைய புத்தகங்கள் பத்து லட்சம் பிரதிகளைத் தாண்டி விற்றன. நம் தமிழ்நாட்டைவிட மக்கள்தொகையில் சிறிய நாடு அது. ஐந்து கோடிச் சொச்சம் பேர்தான். இந்தச் செய்தியைப் படித்ததும் நம்மில் பலர், 'அங்கே எல்லோரும் புத்தகப் புழுக்கள் போலிருக்கிறது' என்று நினைத்திருப்போம்.

ஆனால் அதற்கு முந்தைய ஆண்டு, 2023இல், அந்த நாட்டு அரசு எடுத்த வாசிப்புக் கணக்கெடுப்பு வேறு கதை சொல்கிறது. ஓராண்டில் ஒரு புத்தகமாவது படித்த பெரியவர்கள் 43 விழுக்காடு. மீதி 57 விழுக்காட்டினர் ஒன்றுகூடப் படிக்கவில்லை. 1994இல் இந்தக் கணக்கெடுப்பு தொடங்கியதிலிருந்து அதுவரை இவ்வளவு தாழ்ந்ததே கிடையாது. எழுத்தறிவில் குறையே இல்லாத, செல்வம் கொழிக்கும் நாட்டிலேயே நிலைமை இதுதான்.

இரண்டு செய்திகளும் உண்மை. படிக்கும் பழக்கம் தேய்ந்துபோன நாட்டில் ஒரே வாரத்தில் பத்து லட்சம் புத்தகம் கைமாறியது எப்படி? பாதை தயாராக இருந்தது. 2014 முதல் அங்கே எந்தக் கடையும் புத்தகத்துக்கு மொத்தத்தில் 15 விழுக்காட்டுக்கு மேல் தள்ளுபடி தரக் கூடாது என்று சட்டம் இருக்கிறது. பெரிய இணையக் கடை விலையை வெட்டிச் சின்ன ஊர்க் கடையைச் சாய்த்துவிடாமல் காப்பதற்கான ஏற்பாடு அது. கொரிய எழுத்தைப் பிற மொழிகளுக்குக் கொண்டுபோக 1990களிலேயே அரசு நிதியில் ஒரு மொழிபெயர்ப்பு அமைப்பை உண்டாக்கினார்கள். ஹான் காங்கின் நாவல் ஒன்று, நோபலுக்கு முன்பே, கவிஞர் சமயவேல் மொழிபெயர்ப்பில் 'மரக்கறி' என்று தமிழுக்கும் வந்துவிட்டது. ஆசை திடீரென்று வந்தபோது, புத்தகம் அந்த ஆசை ஆறுவதற்குள் கைக்குப் போய்ச் சேர்ந்தது.

இப்போது நம் பக்கம் வருவோம். திருச்செங்கோட்டுக்காரரான பெருமாள்முருகன், நம் சேலம் நாமக்கல் வட்டாரத்தின் மண்ணையும் பேச்சையும் எழுதுகிறவர். அவருடைய 'பூக்குழி'யின் ஆங்கில மொழிபெயர்ப்பு 2023இல் சர்வதேச புக்கர் பரிசின் நெடும்பட்டியலில் இடம்பிடித்தது. அதே ஆண்டு 'ஆளண்டாப் பட்சி'யின் மொழிபெயர்ப்புக்கு ஜே.சி.பி. பரிசு கிடைத்தது. பேப்பரில் செய்தி வந்தது, நாமும் பெருமைப்பட்டோம். செய்தி வந்த வாரம் இந்தக் கடைவீதியில் அந்த நாவல்களில் ஒன்று கேட்டால் கிடைத்திருக்குமா? நோட்டு, கைடு, ஜெராக்ஸ் எல்லாம் கிடைக்கும். நாவலுக்கு ஆத்தூர் போக வேண்டும். அங்கும் இல்லையென்றால் சேலம். அதற்குள் ஆசை அடங்கிவிடும். ஆசை அடங்கியதைப் பார்த்து 'வாசிப்பு இல்லை' என்று எழுதிவிடுகிறோம்.

புரவலரும் பஸ்ஸும்

பாதை என்று சொல்கிறேனே, அதற்குத் தமிழில் நீண்ட வரலாறு உண்டு. அதில் சேலத்துக்கு முக்கியமான பங்கும் உண்டு. 1880இல் கும்பகோணத்துக்கு முன்சீப்பாக வந்தவர் சேலம் இராமசாமி முதலியார். அங்கே கல்லூரியில் தமிழாசிரியராக இருந்த உ.வே. சாமிநாதையர் அவரைப் பார்க்கப் போனார். தாம் படித்திருந்த அந்தாதி, பிள்ளைத்தமிழ், புராணம் என்று ஐயர் அடுக்கிக்கொண்டே போக, முதலியார் அசையவில்லை. இவற்றுக்கெல்லாம் மூத்த நூல்களைப் பார்த்ததுண்டா என்று கேட்டார். சீவக சிந்தாமணியைக் காட்டியவர் அவர்தான். அந்தச் சந்திப்பிலிருந்து கிளம்பியதுதான் 1887இல் வெளியான சிந்தாமணிப் பதிப்பு.

அந்தப் பதிப்புக்குப் பணம் எப்படி வந்தது என்பதுதான் நமக்கு வேண்டிய விஷயம். புத்தகம் வெளிவருமுன்பே, 'வந்தால் வாங்கிக்கொள்கிறேன்' என்று ஊர் ஊராகப் பிரமுகர்களிடம் கையொப்பம் வாங்கினார்கள். நூறாண்டுக்கு மேல் தமிழ்ப் புத்தகம் மடாதிபதி, ஜமீன்தார், வக்கீல் தயவில் வந்தது. அந்தக் காலத்தில் புத்தகத்தின் பாதை பெரிய வீட்டு வாசலோடு முடிந்தது.

அதைச் சாமானியர் வாசலுக்குக் கொண்டுவந்தவை பத்திரிகைகள். ஆனந்த விகடன் 1926இல் வந்தது, கல்கி 1941இல், குமுதம் 1947இல். ரயிலிலும் பஸ்ஸிலும் கட்டுக்கட்டாக ஏறி வந்து பஸ் நிலையப் பெட்டிக்கடையில் இறங்கின. பெரிய புத்தகக் கடை எதுவும் எட்டாத ஊர்களில் 'பொன்னியின் செல்வ'னைப் படித்தார்கள் என்றால் 1950க்கும் 1954க்கும் இடையே அது வாராவாரம் கல்கியில் வந்ததால்தான். தொடர்கதைத் தாள்களைக் கிழித்துச் சேர்த்து, சணல் நூலால் தைத்து, காலண்டர் அட்டை போட்டு பைண்டு செய்து வைத்த வீடுகள் உங்கள் தெருவிலும் இருந்திருக்கும். அந்த பைண்டிங் வால்யூம்கள் கைமாறிக் கைமாறி, முதல் பக்கமும் கடைசிப் பக்கமும் உதிர்ந்தபின்பும் படிக்கப்பட்டன.

இதைப் புரிந்துகொண்டவர்கள் நாவலையே பத்திரிகையின் பாதையில் ஏற்றினார்கள். 1969இல் ராணி முத்து மாத நாவல் வந்தது. பிறகு மாலைமதி, பாக்கெட் நாவல், க்ரைம் நாவல். ராஜேஷ்குமாரும் பட்டுக்கோட்டை பிரபாகரும் பஸ் நிலையக் கடையில் கிளிப் போட்டுத் தொங்கினார்கள். இலக்கியத் தரத்தைப் பற்றி நீங்கள் வேறுபடலாம். ஆனால் தமிழ்நாட்டில் நாவல் மிகப் பரவலாக விற்ற காலம், அது பெட்டிக்கடையில் தொங்கிய காலம்தான். இன்று அந்தப் பாதையும் அடைபட்டுவிட்டது. வார இதழ்களின் விற்பனை சரிந்தது. கல்கி 2020இல் அச்சை நிறுத்தி இணையத்துக்குப் போய்விட்டது. பெட்டிக்கடைக் கிளிப்பில் இப்போது ஷாம்பு தொங்குகிறது.

இருநூறு ரூபாயின் பங்கு

பதிப்பாளர் என்ன செய்கிறார் என்று கேட்பீர்கள். இருநூறு ரூபாய் விலை போட்ட ஒரு நாவலை எடுத்துக்கொள்வோம். கடைக்காரருக்குக் கழிவு வழக்கமாக முப்பது முதல் நாற்பது விழுக்காடு. முப்பத்தைந்து என்று வைத்தால் எழுபது ரூபாய் அங்கே போய்விடும். எழுத்தாளருக்கு ராயல்டி பத்து விழுக்காடு, இருபது ரூபாய். மிச்சம் நூற்றுப் பத்து. அதற்குள் காகிதம், அச்சு, பைண்டிங், அட்டை, மெய்ப்பு, கிடங்கு வாடகை, லாரி ஆபீஸ் கூலி எல்லாம் அடங்க வேண்டும். புத்தகத்துக்கு ஜி.எஸ்.டி. இல்லை; ஆனால் அதை அச்சடிக்கும் காகிதத்துக்கு உண்டு. விற்கும் பொருளுக்கு வரி இல்லாததால், வாங்கும்போது கட்டிய வரியைத் திரும்ப எடுக்கவும் வழியில்லை. இத்தனையும் போக, கடைக்காரரிடமிருந்து பணம் வர மாதக்கணக்காகும். விற்காத பிரதி திரும்பி வரும்போது அட்டை மடங்கி, ஓரம் கறுத்து வரும்.

அதனால்தான் ஒரு காலத்தில் எந்தப் புத்தகமானாலும் ஆயிரம், ஆயிரத்து இருநூறு என்று அச்சிட்டவர்கள், இப்போது தேவைக்கேற்ப அச்சிடும் பி.ஓ.டி. முறையில் நூறு, இருநூறு என்று போடுகிறார்கள். தலைப்புகள் பெருகின, பிரதிகள் சுருங்கின. நூறு பிரதியில் கெங்கவல்லிக்கு எத்தனை அனுப்ப முடியும்?

தபாலில் வரவழைக்கலாம் என்றால், அங்கும் ஓர் அடி விழுந்தது. சின்னப் பதிப்பகங்கள் நம்பியிருந்த பதிவுப் புத்தக அஞ்சல் சேவையை 2024 டிசம்பரில் அஞ்சல் துறை முன்னறிவிப்பில்லாமல் நிறுத்திவிட்டது. கூக்குரல் எழுந்தபின், 2025 மே மாதம் 'ஞான் போஸ்ட்' என்ற புதிய சேவை வந்தது. 300 கிராம் வரை 20 ரூபாய், 5 கிலோ வரை 100 ரூபாய், வரி தனி. இது நல்ல விஷயம். இந்த ஊர் அஞ்சலகத்திலும் கேட்டுப் பாருங்கள்.

வாசகர் எங்கே போனார்?

எங்கேயும் போகவில்லை. ஜெயமோகன் மகாபாரதத்தை 'வெண்முரசு' என்று 2014இல் இணையத்தில் நாள்தோறும் எழுதத் தொடங்கி 2020இல் முடித்தார்; மொத்தம் 26 நாவல்கள். அதைக் காலையில் முதல் வேலையாகப் படித்தவர்கள் உலகமெங்கும் இருந்தார்கள். பிரதிலிபி போன்ற செயலிகளில் குடும்பக் கதைகளைத் தொடராக எழுதுகிறவர்களும் படிக்கிறவர்களும் ஏராளம். அவர்களில் பெண்களே மிகுதி. ஒரு காலத்தில் ரமணிசந்திரனை வாடகை நூல் நிலையத்தில் எடுத்துப் படித்தவர்களின் வாரிசுகள் அவர்கள். வாடகை நூல் நிலையம் இருந்த இடத்தில் இப்போது போன் இருக்கிறது.

கிளை நூலகத்துக்குப் போனாலும் இடம் கிடைப்பதில்லை. கதவு திறக்கும்போதே வந்து மின்விசிறிக்குக் கீழே இடம் பிடிக்கும் பிள்ளைகள் டி.என்.பி.எஸ்.சி. குரூப் 4க்குப் படிக்கிறவர்கள். ஆறாம் வகுப்பிலிருந்து பள்ளிப் பாடநூல்களை அடுக்கி வைத்து, நான்கு நிறப் பேனாவால் கோடு போட்டு, 'நூல் – ஆசிரியர்' பட்டியலை உருப்போடுகிறார்கள். 'மலைக்கள்ளன் யார் எழுதியது?' என்றால் கண்ணை மூடிக்கொண்டு நாமக்கல் கவிஞர் வெ. இராமலிங்கம் பிள்ளை என்பார்கள். மோகனூரில் பிறந்தவர், 1949இல் அரசவைக் கவிஞர் ஆனவர் என்றும் சேர்த்துச் சொல்வார்கள். அந்த நாவலைக் கண்ணால் பார்த்தாயா தம்பி என்றால் சிரிப்பார்கள். அவருடைய நூல்கள் நாட்டுடைமையானவை. யார் வேண்டுமானாலும் அச்சிடலாம். அப்படியும் அது அந்த மேசைக்கு வருவதில்லை. உட்கார்ந்து படிக்கும் உடற்பழக்கம் உள்ள நூறு பேர் ஒரு நூலகத்துக்குள்ளேயே இருக்கிறார்கள். அவர்களுக்கும் அலமாரிக்கும் பத்தடி தூரம்தான். அந்தப் பத்தடியைக் கடக்க வைக்க ஆளில்லை.

பள்ளிக்கூடத்தில் ஒரு நல்ல முயற்சி நடக்கிறது. பள்ளிக் கல்வித் துறையின் வாசிப்பு இயக்கத்தில் நுழை, நட, ஓடு, பற என்று நான்கு படிகளாகப் பிரித்துச் சின்னச் சின்னக் கதைப் புத்தகங்கள் கொடுக்கிறார்கள். இழுத்து இழுத்துப் படிக்கும் பிள்ளைக்கு ஒரு வரி, சரளமாகப் படிப்பவனுக்கு ஒரு பக்கம் என்ற கணக்கு. 'பற' வரைக்கும் வந்த பிள்ளை அடுத்த புத்தகத்துக்கு எங்கே போவது என்பதுதான் என் கேள்வி.

புத்தகத் திருவிழா இருக்கிறதே என்பீர்கள். இருக்கிறது. 1977இல் தொடங்கிய சென்னைப் புத்தகக் காட்சி இன்று ஏறத்தாழ 900 அரங்குகளோடு நடக்கிறது. 2005இலிருந்து ஈரோட்டில் மக்கள் சிந்தனைப் பேரவை நடத்துவதைப் பார்த்து மற்ற ஊர்களும் கற்றுக்கொண்டன. இப்போது அரசே மாவட்டந்தோறும் நடத்துகிறது, சேலம் உட்பட. மகிழ்ச்சிதான். ஆனால் பதிப்பகங்கள் பல இன்று ஆண்டு முழுவதும் கடனில் இருந்து, ஜனவரியில் மூச்சு விடுகின்றன. பத்து நாள் திருவிழாவால் முந்நூற்று ஐம்பத்தைந்து நாள் பசி ஆறாது.

ஜவ்வரிசியும் நாவலும்

உற்பத்தி இருக்கிறது, வாங்குகிறவர் இருக்கிறார், நடுவில்தான் கோளாறு என்ற சிக்கல் இந்த வட்டாரத்துக்குப் புதிதில்லை. மரவள்ளிக் கிழங்கை அரைத்து ஜவ்வரிசியாக்கியவர்கள், விலைக்கு வியாபாரியின் முகத்தைப் பார்த்து நின்ற காலம் ஒன்று உண்டு. 1981இல் சேலத்தில் சேகோசர்வ் கூட்டுறவு வந்தது. மூட்டையைக் கிடங்கில் வைத்து, ஏலத்தில் விற்று, நடுவில் முன்பணமும் வாங்க வழி பிறந்தது. குறைகள் அதிலும் உண்டு. ஆனால் சந்தை என்று ஓர் இடம் உண்டானது.

எழுத்துக்கும் அப்படி ஒன்றைச் செய்து பார்த்தார்கள் பக்கத்து மாநிலத்தில். 1945இல் கோட்டயத்தில் பன்னிரண்டு பேர் 120 ரூபாய் முதலில் சாகித்திய பிரவர்த்தக கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார்கள். எழுத்தாளருக்கு 30 விழுக்காடு ராயல்டி கொடுத்தார்கள். அதே ஆண்டு பி.என். பணிக்கர் நூலகங்களை ஒன்றிணைக்கும் இயக்கத்தைத் தொடங்கினார். இன்று கேரள நூலகக் கவுன்சிலில் இணைந்த மக்கள் நூலகங்கள் ஒன்பதாயிரத்துக்கு மேல். ஊர்க்காரர்களே நடத்துகிறார்கள். மானியப் பணத்தை எடுத்துக்கொண்டு மாவட்டப் புத்தகச் சந்தைக்குப் போய், தங்கள் ஊருக்கு எது வேண்டும் என்று பார்த்து வாங்கி, ஆட்டோவில் ஏற்றி வருகிறார்கள். பென்யாமினின் 'ஆடுஜீவிதம்' நூறு பதிப்பைத் தாண்டியதற்குப் பின்னால் இந்த ஆட்டோக்களும் உண்டு. தமிழ்நாட்டின் பாதி மக்கள்தொகைகூட இல்லாத மாநிலம் அது.

நாம் கட்டும் பத்து விழுக்காடு

நமக்கு இல்லாதது சட்டமோ பணமோ கிடையாது. சுதந்திர இந்தியாவின் முதல் பொது நூலகச் சட்டமே நம்முடையதுதான். 1948ஆம் ஆண்டின் சென்னைப் பொது நூலகச் சட்டம். சீர்காழியில் பிறந்த எஸ்.ஆர். அரங்கநாதன் வகுத்துக் கொடுத்த வழி. கல்வி அமைச்சராக இருந்த தி.சு. அவினாசிலிங்கம் கொண்டுவந்தார். நூலகத்துக்கென்றே வரி என்பது அதன் உயிர்நாடி. உங்கள் சொத்து வரி ரசீதை எடுத்துப் பாருங்கள். நூலக வரி என்று ஓர் இனம் இருக்கும். வரியில் 10 விழுக்காடு. வீட்டுக்கு ஆயிரம் ரூபாய் வரி என்றால் நூறு ரூபாய் நூலகத்துக்கு. கேரளத்தில் இது 5 விழுக்காடுதான். நூலகங்களில் ஆயிரம் ரூபாய் கொடுத்தவர் பெயரைப் புரவலர் என்று பலகையில் எழுதுவார்கள். இந்தக் கணக்குப்படி பத்தாண்டு வரி கட்டிய ஒவ்வொரு வீட்டுக்காரரும் புரவலர்தான்.

அந்தப் பணத்தில் நாலாயிரத்து அறுநூறுக்கு மேற்பட்ட நூலகங்கள் இயங்குகின்றன. எளிய சாதனை அன்று. ஆனால் புத்தகத் தேர்வு பெரும்பாலும் சென்னையில் நடக்கிறது. பல காலம் விலையை ஃபாரக் கணக்கில், அதாவது பதினாறு பக்கத்துக்கு இவ்வளவு என்று நிர்ணயித்தார்கள். பக்கத்துக்கு விலை என்றால் எழுத்து பெருக்கும், வரி இடைவெளி அகலும், ஓரம் விரியும். நூலக ஆணைக்காகவே தயாராகி, வாசகர் முகத்தையே பார்க்காமல் அலமாரிக்குப் போன புத்தகங்கள் உண்டு. ஆணை வராத ஆண்டுகளில் நல்ல பதிப்பகங்களும் தள்ளாடின. 2024இல் இணையவழியிலான வெளிப்படையான கொள்முதல் முறையை அரசு கொண்டுவந்திருக்கிறது. நல்ல மாற்றம். ஆனாலும் கெங்கவல்லி அலமாரிக்கு எது வர வேண்டும் என்பதில் கெங்கவல்லிக்கு இன்னும் குரல் இல்லை.

கேட்டால்தான் குரல் உண்டாகும். அதற்கு மூன்று வேலைகளைச் சொல்கிறேன்.

முதலாவது, உங்கள் நூலகத்தின் வாசகர் வட்டத்தைப் பெயரளவில் இல்லாமல் நடத்துங்கள். வேண்டிய புத்தகங்களை எழுதி வைக்க மேசையில் ஒரு நோட்டு இருக்கட்டும். மாதம் ஒருமுறை அந்தப் பட்டியல் மாவட்ட நூலக ஆணைக்குழுவுக்குப் போகட்டும். மக்காச்சோளப் படைப்புழு பற்றிய கையேடும் அதில் இருக்கலாம்; கொல்லிமலை மக்களைப் பற்றிய கு. சின்னப்ப பாரதியின் 'சங்கம்' நாவலும் இருக்கலாம்.

இரண்டாவது, இங்கிருந்து வசூலாகும் நூலக வரி எவ்வளவு, அதில் மாவட்ட நூலக ஆணைக்குழுவுக்குச் செலுத்தியது எவ்வளவு என்று ஆண்டுதோறும் கேளுங்கள். வசூலித்த வரியை உள்ளாட்சிகள் நிலுவையில் வைத்திருப்பது தமிழகமெங்கும் உள்ள பழைய நோய். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்தில் முடிகிற வேலை இது. வசூலான வரியில் ஒரு பகுதியைக் கிளை நூலகமே, வாசகர் வட்டத்தின் பட்டியலைப் பார்த்து நேரடியாக வாங்கிக்கொள்ள அனுமதிக்க வேண்டும் என்ற கோரிக்கையையும் அந்தக் கணக்கோடு சேர்த்து வையுங்கள்.

மூன்றாவது, சுற்று வட்டாரத்து ஊராட்சிகளைப் பற்றியது. 2006இல் தொடங்கிய அனைத்துக் கிராம அண்ணா மறுமலர்ச்சித் திட்டத்தில் ஊராட்சிதோறும் ஒரு நூலகக் கட்டடம் எழுந்தது. பல இடங்களில் இன்று அது பூட்டிக் கிடக்கிறது, அல்லது ரேஷன் சாக்கு அடுக்கும் அறையாகிவிட்டது. அவை நூலகத் துறையின் கையில் இல்லை, ஊராட்சியின் பொறுப்பில் இருக்கின்றன. அதனால் கிராம சபையிலேயே பேசித் தீர்க்கலாம். மாலை இரண்டு மணி நேரம் திறந்து வைக்க, வாசிப்பு இயக்கத்தில் 'பற' வரைக்கும் வந்த பிள்ளைகளை அங்கே அழைத்துப்போக ஓர் ஆள் போதும். 1931இல் மன்னார்குடியில் ஓய்வுபெற்ற பொறியாளர் கனகசபைப் பிள்ளை மாட்டு வண்டியில் நூலகம் ஓட்டினார். நம்மிடம் கட்டடமே இருக்கிறது.

அடுத்த கிராம சபைக்கு இன்னும் நாள் இருக்கிறது. ஊராட்சிக்கு ஒருவராவது அந்தச் சாவி யாரிடம் இருக்கிறது என்று விசாரித்து வைத்துக்கொண்டு சபைக்குப் போக வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். இந்த அறக்கட்டளையின் அடுத்த ஆண்டுச் சொற்பொழிவுக்கு யார் வந்தாலும், எத்தனை பூட்டு திறந்தது என்ற கணக்கை அவரிடம் முதலில் சொல்லிவிட்டுப் பேச விடுங்கள்.